கிரியோலும் ஜெர்மனும் கலந்த எளிய சமையல்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

1. கிரியோல் சமையலையும் ஜெர்மன் சமையலையும் சேர்ப்பது வலிந்து செய்த கலவையாக இராதா?

இராது. கிரியோல் என்பது அமெரிக்காவின் லூசியானா மாநிலத்துச் சமையல். அதுவும் ஜெர்மன் சமையலும் அங்கே முந்நூறு ஆண்டுகளாகப் பக்கத்துப் பக்கத்து அடுப்புகளில் இருந்து வந்தவை. நியூ ஆர்லியன்ஸ் நகரத்தைப் பிரெஞ்சுக்காரர்கள் 1718-இல் நிறுவினார்கள். புதிய குடியேற்றத்தில் பயிர் செய்ய ஆள் வேண்டும் என்பதற்காக, ஜான் லா என்ற ஸ்காட்லாந்துக்காரர் நடத்திய வணிகக் கம்பெனி ரைன் நதிப் பகுதியிலும் அதன் சுற்றுப்புறங்களிலும் ஆசை காட்டி ஆள் சேர்த்தது. வழியிலும் துறைமுகங்களிலும் பலர் நோயால் மடிந்தார்கள். பிழைத்தவர்களில் ஒரு பகுதியினர் 1721 முதல் நியூ ஆர்லியன்ஸுக்கு ஏறத்தாழ 40 கிலோமீட்டர் மேலே, மிஸ்ஸிஸிப்பி ஆற்றங்கரையில் குடியமர்ந்தார்கள். கார்ல் ஃபிரெடெரிக் டாரென்ஸ்பூர் என்பவர் அவர்களுக்குத் தலைவராக இருந்தார். அந்தக் கரைக்கு ‘ஜெர்மன் கரை’ என்றே பெயர் நிலைத்துவிட்டது. இன்றைய செயின்ட் சார்ல்ஸ், செயின்ட் ஜான் த பாப்டிஸ்ட் ஆகிய வட்டங்கள் அந்தப் பகுதியில் அடங்கும்.

அவர்கள் விளைவித்த காய்கறியும் தானியமும் படகில் ஏறி நியூ ஆர்லியன்ஸ் சந்தைக்கு வந்தன. நகரத்துக் கிரியோல் வீடுகளின் சட்டியில் விழுந்த முட்டைக்கோஸில் பெரும்பங்கு அந்தக் கரையில் விளைந்தது என்று கொள்ளலாம். அந்த வீடுகளில் அடுப்படியில் நின்றவர்கள் பெரும்பாலும் ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்களும் அவர்களுடைய வழிவந்தவர்களுமே என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். ஜெர்மன் கரையும் பின்னாளில் கரும்புத் தோட்டங்களின் நிலமாயிற்று. அமெரிக்க வரலாற்றின் மிகப் பெரிய அடிமை எழுச்சிகளுள் ஒன்று 1811 ஜனவரியில் அங்கேதான் மூண்டது. ஆகவே இந்தச் சமையலைப் பிரெஞ்சுக்காரரும் ஜெர்மானியரும் மட்டும் கூடிச் செய்ததாக எண்ணுவது சரியாகாது. வெண்டைக்காயையும் நெல்லைக் கையாளும் அறிவையும் ஆப்பிரிக்கர்கள் கொண்டுவந்தார்கள். கம்போ எனும் லூசியானாக் குழம்பைக் குழைவாக்கும் சாஸஃப்ராஸ் இலைத்தூளைச் சொக்டா பழங்குடியினர் கற்றுக்கொடுத்தார்கள்.

2. கிரியோல், கேஜன் என்று இரண்டு பெயர்கள் வழங்குகின்றன. எதை எடுத்துக்கொள்வது?

கேஜன் மக்கள், 1755 முதல் கனடாவின் நோவா ஸ்கோஷியாப் பகுதியிலிருந்து பிரிட்டிஷாரால் துரத்தப்பட்ட அக்காடியர்களின் வழிவந்தவர்கள். அவர்கள் லூசியானாவுக்கு வந்து சேர்ந்தபோது ஜெர்மானியர்கள் அங்கே ஒரு தலைமுறையைக் கடந்திருந்தார்கள். கேஜன் சமையல் நாட்டுப்புறத்தது. ஒரே சட்டி, கருத்த ரூ (கொழுப்பில் வறுத்த மாவு), புகையிட்ட இறைச்சி. கிரியோல் சமையல் நகரத்தது. வெண்ணெயும் தக்காளியும் கடலுணவும் தாராளமாக வரும். ஜெர்மன் கரை இந்த இரண்டுக்கும் நடுவில் கிடப்பதால், வீட்டில் சமைப்பவர் எல்லைக்கோடு பார்த்துக்கொண்டிருக்கத் தேவையில்லை. இந்தப் பக்கத்தில் ‘கிரியோல்’ என்பது லூசியானாச் சமையலைப் பொதுவாகக் குறிக்கிறது.

3. இந்த இரண்டு சமையல்களும் ஏற்கெனவே எந்தெந்த இடங்களில் கைகோத்திருக்கின்றன?

முதலாவது சாசேஜ். பிரான்ஸில் ஆன்டூயி என்றால் பன்றியின் குடலைக் குடலுக்குள்ளேயே திணித்துச் செய்வது. அதன் வாடை எல்லோருக்கும் ஒத்துக்கொள்ளாது. லூசியானாவின் ஆன்டூயி அப்படிப்பட்டதில்லை. தோள்பட்டைக் கறியைப் பெருந்துண்டுகளாக வெட்டி, பூண்டும் மிளகும் மிளகாயும் சேர்த்து, பீகன் மரப்புகையில் நன்றாகப் புகையிட்டு எடுப்பார்கள். இதில் புகையிடும் கைப்பழக்கத்தை ஜெர்மன் கரையின் குடும்பங்களுக்குப் பலரும் உரியதாக்குகிறார்கள். அந்தக் கரையைச் சேர்ந்த லாப்ளாஸ் என்ற ஊர் இன்றும் தன்னை உலகின் ஆன்டூயித் தலைநகரம் என்று அழைத்துக்கொள்கிறது. அங்கே தலைமுறை தலைமுறையாகப் புகையறை நடத்தும் கடைகள் இருக்கின்றன. குளிர்காலத்தில் ஊரார் கூடிப் பன்றி அறுக்கும் வழக்கம், தலைக்கறியை வேகவைத்து உறையவிட்டு வில்லை போடும் வழக்கம் ஆகியவையும் ஜெர்மன் கிராமத்துக்காரர் யாருக்கும் அந்நியமாகத் தோன்றமாட்டா.

இரண்டாவது ரொட்டி. நியூ ஆர்லியன்ஸின் பெயர் பெற்ற போ பாய் சாண்ட்விச்சுக்கு மேல்தோல் நொறுங்கும், உள்ளே பஞ்சாக இருக்கும் நீள ரொட்டி வேண்டும். அதைப் ‘பிரெஞ்சு ரொட்டி’ என்று சொன்னாலும், நகரத்தின் முன்னணி ரொட்டிக்கூடங்களில் ஒன்றை 1896-இல் தொடங்கியவர் ஜார்ஜ் லைடன்ஹைமர். ஜெர்மனியின் டைடஸ்ஹைம் ஊரிலிருந்து வந்தவர். முதலில் தம் ஊர்ப் பழக்கப்படி கனமான கருநிற ரொட்டிகளைச் சுட்ட அவர், பிறகு நகரத்தாரின் நாக்கைப் பார்த்து இந்த இலேசான ரொட்டிக்கு மாறினார்.

மூன்றாவது கடுகு விழுது. கிரியோல் மஸ்டர்ட் எனப்படும் கொரகொரப்பான, புளிப்பும் காரமும் உள்ள விழுதைப் பார்த்தவர்கள், ஜெர்மனியின் முழுக்கடுகு விழுதுக்கு அது எவ்வளவு நெருக்கம் என்பதை உடனே உணர்வார்கள்.

நான்காவது, வெளியூர்க்காரர்களைத் திகைக்க வைப்பது. லூசியானாவின் பல வீடுகளில் சூடான கம்போக் கிண்ணத்துக்குள் ஒரு கரண்டி உருளைக்கிழங்கு சாலட்டைப் போட்டுச் சாப்பிடுகிறார்கள். சிலர் சோற்றோடு சேர்த்துப் போடுவார்கள். சிலர் சோறே இல்லாமல் அதை மட்டும் போடுவார்கள்.

4. சமைக்கத் தொடங்குமுன் எவற்றை வாங்கி வைக்க வேண்டும்? நம் ஊரில் கிடைக்காதவற்றுக்கு என்ன செய்வது?

வெங்காயம், செலரி, பச்சைக் குடைமிளகாய் ஆகிய மூன்றையும் லூசியானாவில் ‘புனித மூவர்’ என்கிறார்கள். ஏறத்தாழ எல்லாக் குழம்புக்கும் அடித்தளம் இவைதான். செலரி பெருநகரச் சூப்பர் மார்க்கெட்டுகளில் கிடைக்கிறது. அறவே கிடைக்காத ஊரில் கொத்தமல்லித் தண்டை அதற்குப் பதிலாகப் போடுவதை விட, வெங்காயத்தைச் சற்றுக் கூட்டிக்கொண்டு செலரியை விட்டுவிடுவது நல்லது; கொத்தமல்லி வாசனை வந்தவுடன் சட்டி வேறு தேசத்துக்குப் போய்விடும்.

மசாலாவில் கெயென் மிளகாய்த்தூள், பாப்ரிகா, கருமிளகு, வெண்மிளகு, உலர்ந்த தைம், பே இலை ஆகியவை போதும். நம் கடைகளில் பிரிஞ்சி இலை என்று விற்பது வேறொரு மரத்தின் இலை. அதில் இலவங்கப்பட்டையின் வாசனை தூக்கலாக இருக்கும். பே இலை கிடைக்காவிட்டால் அதைப் போடாமலே சமைக்கலாம். ஜெர்மன் பக்கத்துக்குச் சாவர்க்ராட் எனும் புளித்த முட்டைக்கோஸ், சீமைச் சோம்பு (கேரவே), ஆப்பிள் அல்லது வெள்ளை ஒயின் வினிகர், கடுகு விழுது ஆகியவை வேண்டும். ஜெர்மனியில் வாழும் தமிழர்களுக்கு இவை தெருமுனைக் கடையிலேயே கிடைத்துவிடும். அவர்களுக்கு அரிதாக இருப்பது ஆன்டூயிதான். நன்கு புகையிட்ட, கொரகொரப்பாக அரைத்த எந்தப் பன்றி சாசேஜும் அதன் இடத்தை நிரப்பும்.

பன்றி இறைச்சி உண்ணாதவர்கள் கோழி அல்லது வான்கோழி சாசேஜை எடுத்துக்கொண்டு, புகையிட்ட பாப்ரிகாத் தூளை ஒரு தேக்கரண்டி கூடுதலாகச் சேர்த்தால் புகைவாசனை பெருமளவு வந்துவிடும்.

5. முதல் முறையாகச் செய்பவர் எந்தப் பண்டத்தில் தொடங்கலாம்?

சாசேஜும் சாவர்க்ராட்டும் சேர்ந்த ஒரே சட்டிச் சமையலில் தொடங்கலாம். லூசியானாவில் முட்டைக்கோஸைச் சாசேஜோடு மூடி வைத்து மெதுவாகக் குழைய வேகவைப்பது அன்றாட உணவு. ஜெர்மனியில் சாவர்க்ராட்டோடு சாசேஜ் வைப்பதும் அப்படியே. இரண்டையும் இணைக்க அதிகம் மெனக்கெட வேண்டியதில்லை.

நான்கு பேருக்கு: புகையிட்ட சாசேஜ் 350 கிராம், பெரிய வெங்காயம் 2, பச்சைக் குடைமிளகாய் 1, செலரித் தண்டு 2, பூண்டு 4 பல், உருளைக்கிழங்கு 300 கிராம், சாவர்க்ராட் 500 கிராம், புளிப்பான ஆப்பிள் 1, சீமைச் சோம்பு அரைத் தேக்கரண்டி, கெயென் கால் தேக்கரண்டி, தைம் அரைத் தேக்கரண்டி, கோழி வேகவைத்த நீர் அல்லது வெறும் நீர் 250 மில்லி.

அடிகனமான சட்டியில் சிறிதளவு எண்ணெய் விட்டு, சாசேஜ் வில்லைகளை இருபுறமும் நன்றாகச் சிவக்க விட்டு எடுத்துத் தனியே வைக்க வேண்டும். அந்தக் கொழுப்பிலேயே வெங்காயம், செலரி, குடைமிளகாய் மூன்றையும் போட்டு, விளிம்பு பழுப்பாகும் வரை பத்து நிமிடம் வதக்கவும். காய்கள் விடும் நீர், சட்டியின் அடியில் ஒட்டியிருக்கும் சாசேஜ் கசடைத் தானே இளக்கிக் கொடுக்கும். அதைக் கரண்டியால் சுரண்டிக் கலந்துவிட வேண்டும், ஏனென்றால் இந்தச் சமையலின் சுவையில் பாதி அங்கேதான் ஒட்டிக்கொண்டிருக்கிறது. பிறகு பூண்டு, மசாலா, உருளைக்கிழங்குத் துண்டுகள், நீர் ஆகியவற்றைச் சேர்த்து மூடி வேகவைக்கவும்.

உருளைக்கிழங்கு முக்கால் பதம் வெந்த பிறகே சாவர்க்ராட்டையும் ஆப்பிளையும் சேர்க்க வேண்டும். இதில் பலர் கவனம் தவறுகிறார்கள். புளிப்பு முதலிலேயே சேர்ந்தால் கிழங்கின் செல்சுவர்கள் இறுகிக்கொள்ளும். ஒரு மணி நேரம் கொதித்தாலும் நடுவில் நறுக்கென்றே இருக்கும். சாவர்க்ராட்டை ஒரு முறை தண்ணீரில் அலசிப் பிழிந்து போடுவதும் தேவை. சாசேஜில் ஏற்கெனவே உப்பு இருப்பதால், அலசாமல் போட்டால் உப்புக் கரிக்கும். சாசேஜைத் திரும்பப் போட்டு, மெல்லிய தீயில் இருபது நிமிடம் வைத்து இறக்கும்போது ஒரு மேசைக்கரண்டி கடுகு விழுதைக் கலக்கவும். உப்பைக் கடைசியில் ருசி பார்த்துச் சேர்த்தால் போதும்.

6. ரூ என்றால் என்ன? அது ஏன் சிலருக்குக் கருகிவிடுகிறது?

மாவைக் கொழுப்பில் வறுத்துக் குழம்புக்குக் கெட்டித்தன்மையும் சுவையும் தரும் கலவை ரூ. பிரெஞ்சுச் சமையலிலும் ஜெர்மன் சமையலிலும் இது உண்டு. ஆனால் அங்கெல்லாம் பெரும்பாலும் வெளிர் மஞ்சளிலோ இளம்பழுப்பிலோ நிறுத்திவிடுவார்கள். லூசியானாக்காரர்கள் அதை அப்படி விடுவதில்லை.

எடைக்கு எடை சமமாக எண்ணெயும் மைதாவும் எடுத்து, அடிகனமான இரும்புச் சட்டியில் மிதமான தீயில் கிளறத் தொடங்க வேண்டும். தட்டையான மரக்கரண்டியே இதற்கு ஏற்றது. சட்டியின் மூலைகளில் மாவு தங்காமல் அது வழித்தெடுக்கும். முதலில் பச்சை மாவு வாசனை போகும். பிறகு முந்திரி வறுத்த நிறமும், அடுத்து செங்கல் நிறமும், கடைசியில் சாக்லெட் நிறமும் வரும். இதற்கு முப்பது முதல் நாற்பது நிமிடம் ஆகலாம். செங்கல் நிறத்தைத் தாண்டிய பிறகு மாற்றம் விரைவாக நடக்கும் என்பதால், தொலைபேசி அடித்தாலும் எடுக்கக் கூடாது. கரும்புள்ளிகள் தென்பட்டால் அது கருகிவிட்டது. அதைக் காப்பாற்ற வழியில்லை, கொட்டிவிட்டு மறுபடி தொடங்குவதே சரி. வேண்டிய நிறம் வந்ததும் நறுக்கிய வெங்காயத்தையும் மற்றவற்றையும் ஒரேயடியாகக் கொட்டினால் சூடு தணிந்து, ரூ அந்த நிறத்திலேயே நின்றுவிடும். கொதிக்கும் ரூ கையில் தெறித்தால் ஒட்டிக்கொண்டு ஆழமாகச் சுடும். குழந்தைகளை அடுப்பருகே நிறுத்தாதீர்கள்.

ரூ கருக்கக் கருக்க அதன் கெட்டிப்படுத்தும் சக்தி குறையும், ஏனென்றால் நீண்ட சூட்டில் மாவுச்சத்து உடைகிறது. ஆகவே கருத்த ரூவுக்கு அளவு அதிகம் வேண்டும். அவசரமான நாட்களில் செங்கல் நிறத்தில் நிறுத்திக்கொள்ளலாம். ஜெர்மன் சுவைகளோடு சேர்க்கும்போது அந்த நடுத்தர நிறமே எனக்கு மேலாகத் தோன்றுகிறது. மிகக் கருத்த ரூவின் இளங்கசப்பும் சாவர்க்ராட்டின் புளிப்பும் ஒன்றையொன்று மிதிக்கும்.

7. கம்போவுக்குள் உருளைக்கிழங்கு சாலட் போடுவதென்றால், எந்த வகையைப் போடுவது?

லூசியானாவில் போடுவது மயோனைஸும் அவித்த முட்டையும் கடுகு விழுதும் சேர்ந்தது. ஜெர்மனியின் வடபகுதியிலும் மயோனைஸ் வகை உண்டு. தென்பகுதியில், குறிப்பாக ஷ்வாபியாவில், மயோனைஸே இராது. வெந்த கிழங்கைச் சூட்டோடு வில்லை போட்டு, அதன்மேல் சூடான இறைச்சி நீர், வினிகர், நறுக்கிய வெங்காயம், கடுகு விழுது, எண்ணெய் ஆகியவற்றை ஊற்றி ஊறவிடுவார்கள்.

கம்போவுக்கு இந்த ஷ்வாபிய வகையையே நான் பரிந்துரைப்பேன். கம்போவில் ரூவின் எண்ணெயும் சாசேஜின் கொழுப்பும் இருக்கின்றன; அதன்மேல் மயோனைஸும் சேர்ந்தால் நான்காவது வாயில் திகட்டிவிடும். வினிகர் ஊறிய கிழங்கு அந்தக் கனத்தை வெட்டிக் கொடுக்கும்.

ஆறு பேருக்கான கம்போவுக்கு 120 கிராம் மைதாவும் அதே எடை எண்ணெயும் கொண்டு ரூ செய்து, 2 வெங்காயம், 3 செலரித் தண்டு, 1 குடைமிளகாய் சேர்த்து வதக்கி, 2 லிட்டர் கோழி வேகவைத்த நீரைச் சிறிது சிறிதாக ஊற்றிக் கட்டியில்லாமல் கலக்க வேண்டும். எலும்போடு கூடிய கோழித் தொடைகள் 1 கிலோ, முன்பே சிவக்க வறுத்த சாசேஜ் 300 கிராம், பூண்டு, தைம், கெயென் எல்லாம் போட்டு, மெல்லிய தீயில் ஒன்றரை மணி நேரம் கொதிக்க விடவும். மேலே மிதக்கும் எண்ணெயை அவ்வப்போது வழித்தெடுக்கவும். வெண்டைக்காய் சேர்ப்பதானால் தனியே எண்ணெயில் வதக்கி, வழவழப்புப் போன பிறகு சட்டியில் போடவும். நம் வீடுகளில் வெண்டைக்காய்க் குழம்புக்குச் செய்வதும் இதேதான். சாஸஃப்ராஸ் இலைத்தூள் கிடைத்தால் அதை அடுப்பை அணைத்த பிறகே தூவ வேண்டும். கொதித்தால் நார்நாராக இழுபடும்.

ஒரு கிண்ணத்தில் கம்போவை ஊற்றி, ஓரத்தில் சாலட்டை வைத்துக் கலக்காமல் பரிமாறுங்கள். எவ்வளவு கலக்கலாம் என்பதைச் சாப்பிடுபவர் முடிவு செய்துகொள்ளட்டும்.

8. கிரியோல் கடுகு விழுதை வீட்டிலேயே செய்ய முடியுமா?

முடியும், தமிழ் வீடுகளில் தாளிப்புக்கு வைத்திருக்கும் கருஞ்சிவப்புக் கடுகே இதற்கு வேண்டிய இனம். 100 கிராம் கடுகை 150 மில்லி வெள்ளை ஒயின் வினிகரிலும் 50 மில்லி குளிர்ந்த நீரிலும் இரண்டு நாள் ஊறவிடவும். அதன்பின் பூண்டு 1 பல், உப்பு ஒரு தேக்கரண்டி, சிறிது பழுப்புச் சர்க்கரை, மிகச் சிறிதளவு கெயென் சேர்த்து, மூன்றில் ஒரு பங்கு கடுகு முழுதாக நிற்கும்படி மிக்ஸியில் விட்டு விட்டு அரைக்க வேண்டும். தொடர்ந்து அரைத்தால் சூடேறிக் காரம் போய்விடும். கடுகின் காரம், விதை உடைந்து ஈரம் படும்போது ஒரு நொதியின் வேலையால் உண்டாகிறது. வெந்நீர் அந்த நொதியைக் கொன்றுவிடும், வினிகர் அதன் வேகத்தை அடக்கிக் காரத்தை நிலைநிறுத்தும். அதனால் இதற்கு வெந்நீர் ஆகாது.

அரைத்த அன்று நாக்கில் வைத்தால் கசக்கும். குளிர்பெட்டியில் நான்கைந்து நாள் இருந்த பிறகு கசப்பு அடங்கிவிடும். பல மாதம் கெடாது.

9. இறால் எதூஃபேயைச் சோற்றுக்குப் பதிலாக ஷ்பேட்ஸ்லேயோடு பரிமாறலாமா?

இந்தக் கலப்புச் சமையலில் எனக்கு மிகவும் பிடித்த சேர்க்கை இதுதான். எதூஃபே என்பது வெண்ணெய் ரூவில் இறாலையோ நன்னீர்க் கூனிறாலையோ மூடி வேகவைக்கும் கெட்டிக் குழம்பு. ஷ்பேட்ஸ்லே என்பது தென் ஜெர்மனியின் முட்டைமாவுத் துணுக்கு. சொரசொரப்பான மேற்பரப்பு உடையதால் குழம்பை நன்றாகப் பிடித்துக்கொள்ளும்.

ஷ்பேட்ஸ்லேக்கு மைதா 300 கிராம், முட்டை 3, நீர் அல்லது பால் 150 மில்லி, உப்பு ஒரு தேக்கரண்டி. மரக்கரண்டியால் அடித்துக் கலக்கி, மாவில் குமிழி தோன்றும் வரை விடாமல் அடிக்க வேண்டும். கரண்டியைத் தூக்கினால் மாவு சட்டென்று ஒழுகாமல், கனமாக இழுபட்டு விழ வேண்டும், அதுவே பதம். கால் மணி நேரம் ஊறவிடவும். ஜெர்மன் வீடுகளில் இதற்கெனத் தனிக் கருவி வைத்திருப்பார்கள்; பூந்திக் கரண்டி இருக்கும் வீட்டில் அதைத் தேட வேண்டாம். உப்புப் போட்டுக் கொதிக்கும் நீரின்மேல் பூந்திக் கரண்டியைப் பிடித்து, மாவை ஊற்றி, மற்றொரு கரண்டியின் அடியால் தேய்த்துத் தள்ளினால் துணுக்குகள் விழும். அவை மேலே மிதந்து வந்து ஒரு நிமிடம் ஆனதும் அரித்தெடுத்து, வெண்ணெயில் புரட்டி வைக்கவும்.

எதூஃபேக்கு 60 கிராம் வெண்ணெயில் 4 மேசைக்கரண்டி மைதாவை முந்திரி நிறம் வரை வறுத்து, ‘மூவரை’ வதக்கி, இறால் தலையும் ஓடும் கொதித்த நீர் 400 மில்லி ஊற்றிப் பதினைந்து நிமிடம் வைக்கவும். உரித்த இறால் 500 கிராமைக் கடைசி நான்கு நிமிடத்தில் போட்டால் போதும்; அதற்கு மேல் வெந்தால் ரப்பராகிவிடும். எலுமிச்சைச் சாறும் வெங்காயத்தாளும் தூவி இறக்கவும். சீமைச் சோம்பு இதில் வேண்டாம்.

லூசியானாவின் ஜெர்மானியர்கள் சோற்றைக் கைவிட்டவர்கள் என்று இதைக்கொண்டு நினைத்துவிட வேண்டாம். 1881 வாக்கில் ஜெர்மனியின் கைலன்கிர்ஷன் பகுதியிலிருந்து பாதிரியார் பீட்டர் லியோன்ஹார்ட் தேவிஸின் ஏற்பாட்டில் வந்து, தென்மேற்கு லூசியானாவின் ராபர்ட்ஸ் கோவ் என்ற ஊரில் குடியேறிய குடும்பங்கள் நெல் பயிரிட்டே தழைத்தன. ஆண்டுதோறும் அக்டோபரில் அங்கே நடக்கும் ஜெர்மன் திருவிழாவில் சாசேஜோடு கம்போவும் பரிமாறப்படுகிறது.

10. சைவம் உண்பவர்களுக்கு இதில் என்ன இருக்கிறது?

கீரைக் கம்போ இருக்கிறது. கத்தோலிக்கர்களின் தவக்காலத்தில், பெரிய வியாழனன்று நியூ ஆர்லியன்ஸில் பல கீரைகளைச் சேர்த்து ஒரு கம்போ வைப்பார்கள். கீரைகளின் எண்ணிக்கை ஒற்றைப்படையில் இருக்க வேண்டும் என்பது வழக்கம். எத்தனை கீரை சேர்க்கிறோமோ அத்தனை புதிய நண்பர்கள் கிடைப்பார்கள் என்றும் சொல்வார்கள். ஜெர்மனியிலும் அதே வியாழனன்று பச்சை உணவு உண்ணும் மரபு உண்டு. ஃப்ராங்க்ஃபர்ட்டில் ஏழு பச்சிலைகளை அரைத்துச் செய்யும் பச்சைச் சாற்றை அவித்த முட்டையோடும் உருளைக்கிழங்கோடும் அன்று உண்பார்கள். இரண்டு வழக்கங்களுக்கும் நேரடித் தொடர்பு உண்டு என்று கருதுவோர் இருக்கிறார்கள்.

நியூ ஆர்லியன்ஸில் டூக்கி சேஸ் உணவகத்தை நடத்திய லியா சேஸ் அம்மையார் (1923–2019) வைத்த கீரைக் கம்போ மிகவும் பெயர் பெற்றது. அதில் இறைச்சி வகைகளும் நிறையவே இருந்தன. மறுநாள் பெரிய வெள்ளி ஒருசந்தி என்பதால், முந்தைய நாளே நிறைவாக உண்பது அவருடைய வழக்கம். சைவத்துக்கு அதை மாற்றிக்கொள்வது எளிது.

பசலை, முளைக்கீரை, முள்ளங்கி இலை, பீட்ரூட் இலை, முட்டைக்கோஸ், பார்ஸ்லி, வெங்காயத்தாள் என ஏழு வகையில் மொத்தம் 1 கிலோ எடுத்து, உப்பு நீரில் வேகவைத்து, வெந்த நீரைக் கொட்டாமல் வைத்துக்கொள்ளவும். கீரையில் பாதியை அரைத்தும் பாதியைப் பொடியாக நறுக்கியும் கொள்ளவும். எண்ணெய், மாவு தலா 80 கிராமில் செங்கல் நிற ரூ செய்து, மூவரை வதக்கி, கீரை வெந்த நீரையும் கீரையையும் சேர்த்து நாற்பது நிமிடம் கொதிக்க விடவும். புகைவாசனைக்குப் புகையிட்ட பாப்ரிகா ஒரு மேசைக்கரண்டி. இறக்கியபின் ஒரு கரண்டி கடுகு விழுதும் சிறிது வினிகரும் சேர்த்து, வெந்த சிறு உருளைக்கிழங்குகளின்மேல் ஊற்றினால் ஃப்ராங்க்ஃபர்ட்டின் சாயலும் வந்துவிடும். முருங்கைக்கீரையைத் தவிர்க்கவும், அதன் வாசனை மற்றவற்றை அமுக்கிவிடும்.

11. ஷ்னிட்ஸலைக் கிரியோல் முறையில் செய்வது எப்படி?

நியூ ஆர்லியன்ஸில் கன்றுக்கறியை மெல்லியதாகத் தட்டி, ரொட்டித்தூளில் புரட்டிப் பொரிப்பது பழைய வீட்டுச் சமையல். ஷ்னிட்ஸல் உண்டவர்களுக்கு அது புதிதாகத் தெரியாது. கோழி நெஞ்சுக்கறியை அரை சென்டிமீட்டர் கனத்துக்குத் தட்டி, மாவு, முட்டை, ரொட்டித்தூள் என்ற வரிசையில் தோய்க்கவும். கெயென், பாப்ரிகா, வெண்மிளகு எல்லாவற்றையும் மாவிலேயே கலக்க வேண்டும். ரொட்டித்தூளில் கலந்தால் எண்ணெயில் நேராகப் பட்டு மிளகாய்த்தூள் கருகிக் கசக்கும். மூவரைத் தக்காளியோடு கொதிக்க வைத்த கிரியோல் சாற்றைத் துண்டின் பக்கத்தில் ஊற்றவும். மேலே ஊற்றினால் மொறுமொறுப்பு நிற்காது.

12. திங்கட்கிழமை ராஜ்மா என்று சொல்கிறார்களே, அதில் ஜெர்மன் சுவை சேருமா?

நியூ ஆர்லியன்ஸில் திங்கள் துணி துவைக்கும் நாளாக இருந்தது. ராஜ்மாவை அடுப்பில் வைத்துவிட்டு வேலை பார்க்கலாம் என்பதால் அன்று ராஜ்மாவும் சோறும் வழக்கமாயிற்று. அதில் கடுகு விழுதும் சிறிது சாவர்க்ராட் நீரும் நன்றாகவே சேரும். ஆனால் பயறு முழுதாக வெந்து குழைந்த பிறகுதான் சேர்க்க வேண்டும், புளிப்பு முன்னதாகவே பட்டால் தோல் வேகாது. ஊறவைத்த நீரைக் கொட்டிவிட்டு, புதிய நீரில் பத்து நிமிடத்துக்குக் குறையாமல் தளதளவென்று கொதிக்க விட்ட பிறகே தீயைக் குறைக்க வேண்டும். அரைவேக்காட்டு ராஜ்மாவில் உள்ள ஒரு புரதம் கடுமையான வாந்தியை உண்டாக்கும்.

13. எவற்றைச் சேர்க்கக் கூடாது?

சாவர்க்ராட்டையும் வெண்டைக்காயையும் ஒரே சட்டியில் போட வேண்டாம்; புளிப்பும் வழவழப்பும் சேர்ந்து இரண்டுமே கெட்டுவிடும். சீமைச் சோம்பையும் சாஸஃப்ராஸ் தூளையும் சேர்ப்பதும் அப்படியே. ஜூனிப்பர் காய்களைக் கடலுணவில் போடுவதை இணையத்தில் பார்க்கலாம். மீனுக்கு மருந்து வாடை ஏறும் என்பதுதான் பலன். பொதுவாக ஒரு சமையலிலிருந்து அடித்தளத்தை எடுத்துக்கொண்டு, மற்றதிலிருந்து புளிப்பு, புகை, மாவுப் பண்டம் ஆகிய மூன்றில் ஒன்றை மட்டும் சேர்த்தால் சட்டி கட்டுக்குள் நிற்கும். பிரெட்ஸல் ஆன்டூயி சாவர்க்ராட் ஜம்பாலயா என்று நீளமாகப் பெயர் வைத்த பண்டங்களைச் சாப்பிட்டால், எதைச் சாப்பிட்டோம் என்பதே தெரிவதில்லை.

14. இனிப்புக்கும் பானத்துக்கும் என்ன வைக்கலாம்?

நியூ ஆர்லியன்ஸில் கிரியோல் கிரீம் சீஸ் என்று ஒன்று உண்டு. பாலைப் புளிக்க வைத்து வடித்த, இளம்புளிப்புள்ள மென்பாலாடைக்கட்டி. ஜெர்மனியின் குவார்க் அதற்கு நெருங்கிய உறவு. வீட்டில் கெட்டித் தயிரை இரவு முழுதும் துணியில் கட்டித் தொங்கவிட்டு எடுத்தாலும் இரண்டுக்கும் பொதுவான ஒரு பதம் கிடைக்கும். அதில் சர்க்கரை, முட்டை, சிறிது சோளமாவு கலந்து ஜெர்மன் பாணிப் பாலாடைக்கட்டிக் கேக் சுட்டு, மேலே வெண்ணெயும் பழுப்புச் சர்க்கரையும் பீகன் பருப்பும் காய்ச்சிய பாகை ஊற்றலாம். பீகன் இல்லாவிட்டால் அக்ரூட் போதும்.

பானத்துக்குச் சிக்கரி கலந்த பால் காபி. நியூ ஆர்லியன்ஸ் அதற்குப் பெயர் பெற்றது. ஜெர்மனியிலும் காபி கிடைக்காத காலங்களில் சிக்கரி வேரை வறுத்துக் குடித்தார்கள். சிக்கரி கலந்த ஃபில்டர் காபி குடித்து வளர்ந்தவர்களுக்கு இதில் புதிதாகக் கற்க ஒன்றுமில்லை.

15. மீந்ததை எப்படி வைத்துக்கொள்வது?

கம்போ மறுநாள் இன்னும் நன்றாக இருக்கும். ஆறியவுடன் குளிர்பெட்டியில் வைத்தால் மூன்று நாள் தாங்கும். மேலே உறைந்து நிற்கும் கொழுப்பை வழித்துவிட்டு மெல்லிய தீயில் சூடாக்கவும். சாஸஃப்ராஸ் தூளைச் சட்டியில் போடாமல் கிண்ணத்தில் போட்டுக்கொண்டால் மறுசூட்டில் கெடாது. சோற்றைக் கம்போவோடு கலந்து வைக்க வேண்டாம். தனியே, சமைத்த ஒரு மணி நேரத்துக்குள் ஆறவைத்துக் குளிரில் வைக்கவும். உருளைக்கிழங்கு சாலட்டையும் தனிப் பாத்திரத்திலேயே வைக்க வேண்டும். சாவர்க்ராட் சமையலை அலுமினியப் பாத்திரத்தில் விட்டுவைக்காதீர்கள். அதன் புளிப்பு அலுமினியத்தை அரித்து உணவில் உலோகச் சுவை ஏறும். எதூஃபே மறுநாளைக்கு ஏற்றதில்லை, இறால் இறுகிவிடும். மீந்த ஷ்பேட்ஸ்லேயை மட்டும் வெண்ணெயில் ஓரம் மொறுமொறுப்பாகும் வரை வறுத்து, வெங்காயமும் ஒரு முட்டையும் சேர்த்துக் காலை உணவாக்கிக்கொள்ளலாம்.